அரிசி, கள், மூளை: கெடா தோட்டங்களும் மருத்துவ எழுத்தும்

மலாயாத் தமிழர்களைப் பற்றி ஆங்கிலேய மருத்துவர்கள் எழுதியவற்றுள் மிக முக்கியமானது என்று சொல்லத்தக்க நூல் 1907ஆம் ஆண்டு இலண்டனில் வெளிவந்தது. ஐந்நூறு பக்கங்களைத் தாண்டும் அந்நூல் தமிழர்களுக்கு வந்த நோயைப் பற்றியதன்று, அவர்களுக்கு ஏறக்குறைய வராமலே போன ஒரு நோயைப் பற்றியது. நெகிரி செம்பிலானில் அரசு மருத்துவத் தலைமைப் பொறுப்பில் இருந்த வில்லியம் லெனார்ட் பிராடன் எழுதிய அந்நூலின் பொருள் பெரிபெரி. கால்கள் மரத்து, தசைகள் வலுவிழந்து, நடை தள்ளாடி, சிலருக்கு உடல் முழுதும் நீர் கோத்து, இறுதியில் இதயம் நின்றுபோகும் அந்த நரம்பு நோய், ஈயச் சுரங்கங்களில் வேலை செய்த சீனத் தொழிலாளர்களை ஆயிரக்கணக்கில் கொன்றது. அதே நாட்டில், அதே வெயிலிலும் மழையிலும், அவர்களைவிடக் குறைந்த கூலிக்கு உழைத்த தமிழர்களை அது பெரும்பாலும் தீண்டவில்லை.

இந்த வேறுபாட்டை முதலில் கண்ட மருத்துவர்கள் இனத்தைக் காரணமாகச் சொல்லத் தயாராக இருந்தனர். தமிழனின் உடல்வாகு வேறு, சீனனின் உடல்வாகு வேறு என்று சொல்லிவிட்டால் மேற்கொண்டு ஆராய வேண்டிய தேவை இல்லாமல் போகும். பிராடனின் பெருமை, அவ்வளவில் நிற்காமல், யார் எந்த அரிசியை உண்கிறார் என்று கேட்டதில் இருக்கிறது. சீனத் தொழிலாளர் உண்டது சயாமிலிருந்து வந்த, ஆலையில் நன்றாகத் தீட்டப்பட்ட பச்சரிசி. மலாய்க் கிராமத்தார் தங்கள் வயலில் விளைந்த நெல்லை வேண்டும்போது உரலில் குத்திப் புதிதாகச் சமைத்தனர். தமிழர் உண்டது இந்தியாவிலிருந்து வந்த புழுங்கலரிசி. சிறைக்குள் வந்து சயாம் அரிசியை உண்ணத் தொடங்கியதும் மலாய்க்காரருக்கும் தமிழருக்கும் அதே நோய் கண்டது என்பதை அவர் எடுத்துக்காட்டியபோது, இனம் என்ற விளக்கம் தானாகவே உதிர்ந்தது.

ஆனால் அவர் அடைந்த முடிவு பாதிதான் சரி. நாட்பட்ட பச்சரிசியில் ஏதோ ஒரு நஞ்சு சேர்கிறது என்றும், புழுக்கும்போது அது தடுக்கப்படுகிறது என்றும் அவர் கருதினார். உண்மை அதற்கு நேர்மாறானது: தீட்டிய அரிசியில் ஏதோ ஒன்று சேர்ந்திருக்கவில்லை, ஏதோ ஒன்று இல்லாமல் போயிருந்தது. நெல்லைத் தண்ணீரில் ஊறவைத்து, உமியோடு அண்டாவில் வேகவைத்து, களத்தில் பரப்பிக் காயவிட்ட பிறகு குத்தும் தமிழ்நாட்டுப் பழக்கத்தில், தவிட்டிலும் முளையிலும் இருக்கும் சத்து வெந்நீரோடு அரிசிமணியின் உள்ளே இறங்கிவிடுகிறது. ஆகையால் அதன்பின் எவ்வளவு தீட்டினாலும் அதன் பெரும்பகுதி மணிக்குள்ளேயே தங்கிவிடுகிறது. நெல் அவித்த தஞ்சாவூர்ப் பெண்கள் உமி எளிதாகக் கழல வேண்டும், குத்தும்போது அரிசி நொறுங்கக் கூடாது, வைத்திருக்கும்போது வண்டு பிடிக்கக் கூடாது என்ற காரணங்களுக்காகச் செய்த வேலை, அவர்களும் அறியாமல், கடல்கடந்த தொழிலாளரின் நரம்புகளைக் காத்தது.

நோய்க்குக் காரணம் அரிசியே என்பதைச் சோதனையால் நிறுவிய இடம், இக்கட்டுரையின் பொருளுக்கு மிக நெருக்கமானது. கோலாலம்பூரில் இருந்த மனநோயாளர் காப்பகத்தில் 1905இல் பெரிபெரி பரவியபோது, மாவட்ட மருத்துவராக இருந்த வில்லியம் பிளெட்சர், அவ்வாண்டு டிசம்பரில் அங்கிருந்த நோயாளிகள் அனைவரையும் உணவுக் கொட்டகையில் வரிசையாக நிற்கவைத்து எண்ணச் செய்தார். ஒற்றைப்படை எண்ணினர் முற்றத்தின் ஒரு புறக் கட்டடத்துக்கு அனுப்பப்பட்டுப் பழையபடி சயாம் அரிசியைப் பெற்றனர். இரட்டைப்படை எண்ணினர் மறுபுறக் கட்டடத்தில் புழுங்கலரிசியைப் பெற்றனர். மற்ற உணவில் வேறுபாடு இல்லை. நோய் கட்டடத்தைச் சார்ந்ததா என்று அறிய, இடையில் இரு பிரிவினரையும் இடம் மாற்றியும் பார்த்தார். ஓராண்டு முடிவில் சயாம் அரிசி உண்டவர்களுள் 18 பேர் பெரிபெரியால் இறந்திருந்தனர்; புழுங்கலரிசி உண்டவர்களுள் ஒருவரும் அந்நோயால் இறக்கவில்லை. மருத்துவ வரலாற்றில் இச்சோதனை அதன் ஒழுங்குக்காகப் போற்றப்படுகிறது. அந்தப் பதினெட்டுப் பேரிடம் சம்மதம் கேட்கப்படவில்லை என்பதையும், மனநோயாளர் என்பதாலேயே கேட்கவேண்டும் என்ற எண்ணம் எவருக்கும் எழவில்லை என்பதையும் சேர்த்துத்தான் அதைப் படிக்க வேண்டும்.

பின்வந்த ஆய்வுகளை விரைவாகச் சொல்லிக் கடந்துவிடலாம். கோலாலம்பூர் மருத்துவ ஆய்வுக்கழகத்தின் ஹென்றி பிரேசரும் ஸ்டான்டனும் ஜெலபுக் காட்டில் சாலை போட்ட முந்நூறு ஜாவானியத் தொழிலாளரை இரண்டாகப் பிரித்து, அரிசியை மாற்றி மாற்றிக் கொடுத்து, பிளெட்சரின் முடிவை உறுதிசெய்து 1909இல் வெளியிட்டனர். நோயைத் தடுக்கும் பொருள் தவிட்டில் இருக்கிறது என்பதையும் காட்டினர். 1910இல் மணிலாவில் கூடிய கீழைநாட்டு வெப்பமண்டல மருத்துவ மாநாடு, தீட்டிய அரிசிக்கும் பெரிபெரிக்கும் உள்ள தொடர்பை ஏற்றுத் தீர்மானம் நிறைவேற்றியது. 1926இல் பத்தேவியாவில், இன்றைய ஜகார்த்தாவில், யான்சனும் டோனாத்தும் அப்பொருளைப் பளிங்காகப் பிரித்தெடுத்தனர். 1936இல் அமெரிக்காவில் ராபர்ட் வில்லியம்ஸ் அதைச் செயற்கையாக உருவாக்கினார். தயமின் அல்லது உயிர்ச்சத்து பி1 என்று இன்று அழைக்கப்படுவது அதுவே.

இச்சத்துக்கும் மூளைக்கும் உள்ள உறவைச் சற்று விளக்குவது தேவை. மனித மூளை உடல் எடையில் ஏறத்தாழ நூற்றுக்கு இரண்டு பங்குதான். ஆனால் ஓய்வில் இருக்கும் உடல் செலவிடும் ஆற்றலில் ஐந்தில் ஒரு பங்கை அது எடுத்துக்கொள்கிறது. அந்த ஆற்றலுக்கு அது பெரிதும் நம்பியிருப்பது சர்க்கரையை. சர்க்கரை உயிரணுவுக்குள் முழுமையாக எரிவதற்கு இன்றியமையாத துணைப்பொருள் தயமின். உடலில் சேமிப்பாக இருப்பது சுமார் 30 மில்லிகிராம் மட்டுமே என்பதால், வரவு நின்றுபோனால் இரண்டு மூன்று வாரங்களிலேயே பற்றாக்குறை தொடங்கிவிடும். முதலில் கால் நரம்புகள் பாதிக்கப்பட்டால் பெரிபெரி. மூளையின் அடிப்பகுதியில் நினைவோடு தொடர்புடைய இரு சிறு குமிழ்களும், கண்ணசைவை நடத்தும் மூளைத்தண்டின் பகுதிகளும் பாதிக்கப்பட்டால் அது 1881இல் ஜெர்மானிய மருத்துவர் கார்ல் வெர்னிக்கே விவரித்த நோய்: கண்கள் ஒரு நிலையில் நில்லாது துடிக்கும், நடை தடுமாறும், மனம் குழம்பும். அதிலிருந்து பிழைத்தவர்களுள் பலர், சற்றுமுன் நடந்ததை நினைவில் வைக்க இயலாமல், அந்த வெற்றிடத்தை நடக்காத செய்திகளால் நிரப்பிப் பேசும் நிலைக்குச் செல்வர். இதை ரஷ்ய மருத்துவர் கோர்சகோவ் 1880களின் இறுதியில் விவரித்தார். ஐரோப்பிய மருத்துவ நூல்கள் இவ்விரண்டையும் குடிகாரரின் நோய்களாகவே நெடுங்காலம் எழுதிவந்தன.

கெடா இக்கதைக்குள் சற்றுப் பின்னால் வருகிறது. 1909 மார்ச் 10இல் பாங்காக்கில் கையெழுத்தான உடன்படிக்கையால் சயாமின் மேலாண்மையிலிருந்து பிரிட்டனின் மேலாண்மைக்கு மாறிய அம்மாநிலத்தின் தெற்கிலும் நடுவிலும், கூலிம், பாடாங் செராய், லூனாஸ், சுங்கைப்பட்டாணி, பீடோங், பாலிங் வட்டாரங்களில் ரப்பர்த் தோட்டங்கள் விரிந்தன. நாகப்பட்டினத்திலும் சென்னையிலும் கப்பலேறிப் பினாங்கில் இறங்கிய தமிழர்களைக் கங்காணிகள் அங்கே கொண்டு சேர்த்தனர். வடக்கே அலோர்ஸ்டாரைச் சூழ்ந்த சமவெளி நாட்டின் நெற்களஞ்சியம். தெற்கே அதே மாநிலத்து லயங்களில், அதாவது தொழிலாளர் குடும்பங்கள் வரிசையாக வாழ்ந்த தோட்டத்துக் குடியிருப்புகளில், கடல்கடந்து வந்த அரிசி உலையேறியது. இவ்வேறுபாட்டை விந்தையான செய்தியாக மட்டும் பார்ப்பது போதாது. தோட்டம் முன்பணமாக அரிசியைக் கொடுத்துச் சம்பளத்தில் பிடித்துக்கொண்டது. எந்த அரிசி, என்ன விலை, எவ்வளவு என்பவை சமையலறையில் தீர்மானிக்கப்படவில்லை, தோட்ட அலுவலகத்தில் தீர்மானிக்கப்பட்டன. புழுங்கலரிசி வந்துகொண்டிருந்த வரையில் தமிழரின் நரம்புகளுக்குக் கேடில்லை. அது நின்றுபோனால் என்ன ஆகும் என்பதற்கான விடை 1942இல் கிடைத்தது.

எந்த அரிசி என்று தீர்மானிப்பவர் யார் என்பதே பிராடனின் நூலில் இல்லாத கேள்வி. இனத்திலிருந்து உணவுக்கு வந்த அவரது பார்வை, உணவிலிருந்து அதை வழங்கியவரிடம் செல்லவில்லை. தமிழன் புழுங்கலரிசியை உண்கிறான் என்பது அவருக்கு ஒரு பழக்கம் பற்றிய செய்தி. அப்பழக்கத்தைத் தொடரும் உரிமை யாரிடம் இருக்கிறது என்பது மருத்துவத்துக்கு வெளியே உள்ள செய்தி. குடியேற்றக் காலத்து மருத்துவ எழுத்தின் பெரும்பகுதி இந்த எல்லையைத் தாண்டியதில்லை. ஆத்திரேலிய மருத்துவ மானிடவியலாளர் லெனோர் மாண்டர்சன் 1996இல் வெளியிட்ட, குடியேற்ற மலாயாவில் நோயையும் அரசையும் ஆராயும் நூல், அந்த எல்லையைத் தாண்டி எழுதப்பட்டவற்றுள் குறிப்பிடத்தக்கது: சுகாதாரச் செலவு எங்கே செய்யப்பட்டது, யாருடைய உடல் உழைப்புக்கு ஏற்றதாகக் காக்கப்பட்டது என்ற கேள்விகளை அது ஆவணங்களிடம் கேட்கிறது.

இனத்தைக் கொண்டு சமூகத்தை விளக்கும் பழக்கம் வெள்ளைக்கார மருத்துவர்களோடு முடிந்துவிடவில்லை. 1957இல் அலோர்ஸ்டாரில் தனியார் மருத்துவமனை தொடங்கிய மகாதீர் முகமது, 1970இல் வெளியிட்ட மலாய்க்காரர் நிலை பற்றிய நூலில், ஒரு சமூகத்தின் பொருளாதாரப் பின்தங்கலுக்குச் சூழலோடு மரபுவழியையும் காரணமாகச் சேர்த்தார். அந்நூல் மலேசியாவில் 1981வரை தடைசெய்யப்பட்டிருந்தது. 1977இல் சையது உசேன் அலத்தாஸ், சோம்பேறிச் சுதேசி என்ற கற்பிதத்தை ஆராய்ந்த தம் நூலில், குடியேற்ற ஆட்சிக்கு வேண்டிய உழைப்பைத் தர மறுத்தவனே அவ்வாட்சியின் எழுத்தில் சோம்பேறியானான் என்று காட்டியதோடு, அந்தப் பார்வையின் எச்சங்களைச் சுதேசி அரசியல் எழுத்திலும் அடையாளம் கண்டார். தமிழ்த் தொழிலாளரைப் பற்றிய வருணனை இதன் மறுபக்கம்: அடங்கி நடப்பவன், எளிதில் நிறைவடைபவன், குடிப்பவன். மருத்துவ அறிக்கையில் பாதியும் தோட்ட முதலாளியின் கடிதத்தில் பாதியுமாக உருவான இந்த வருணனை, நரம்பியல் உண்மைபோலவே சில தலைமுறைகள் வழங்கிவந்தது.

1942 பிப்ரவரி 15இல் சிங்கப்பூர் ஜப்பானியரிடம் வீழ்ந்தபின் சாங்கி முகாமில் அடைக்கப்பட்ட பிரிட்டிஷ் படைவீரர்களுக்குக் கிடைத்த முதன்மை உணவு தீட்டிய வெள்ளரிசி. சில வாரங்களில் அவர்களுள் சிலர் பசியற்றுப்போய் வாந்தி எடுக்கத் தொடங்கினர். மருத்துவர் தம் விரலை நகர்த்தி அதைத் தொடர்ந்து பார்க்கச் சொன்னபோது அவர்களின் கண்கள் வழுக்கித் துடித்தன; சிலருக்கு இரட்டைப் பார்வை; சிலர் தாம் எங்கே இருக்கிறோம் என்பதை மறந்தனர்; முகாமைவிட்டு வெளியே போகாதவர் வெளியே போய்வந்த கதையைச் சொன்னார். சிறைப்பட்டிருந்த இளம் மருத்துவர் ஹியூ டி வார்டனர், தம்மிடம் இருந்த சிறு இருப்பிலிருந்து தயமினை ஊசிவழி செலுத்தியபோது, பலர் சில நாட்களில் தெளிந்தனர். இறந்தவர்களின் மூளையை ஆராய்ந்த பெர்னார்ட் லெனாக்ஸ், வெர்னிக்கே சொன்ன அதே இடங்களில் அதே சிதைவைக் கண்டார். அவர்களிடம் மது இல்லை. ஆகவே இந்நோயை உண்டாக்குவது மது அன்று, தயமின் இன்மையே என்பது ஐயத்துக்கு இடமின்றித் தெரிந்தது. நிலத்தில் புதைத்து மறைக்கப்பட்ட அக்குறிப்புகள் போருக்குப்பின் மீட்கப்பட்டு, 52 நோயாளிகளைப் பற்றிய கட்டுரையாக 1947 ஜனவரியில் லான்செட் இதழில் வெளிவந்தன. கட்டுரையின் தலைப்பு அந்நோயை மூளைப் பெரிபெரி என்றே குறித்தது.

அதே ஆண்டுகளில் கெடா தோட்டங்களிலிருந்து ஆயிரக்கணக்கான தமிழர்கள், பிடித்தும் ஏமாற்றியும், சயாம்–பர்மா ரயில்பாதை வேலைக்குக் கொண்டுசெல்லப்பட்டனர். 1943 அக்டோபரில் 415 கிலோமீட்டர்ப் பாதை இணைந்து முடிந்தது. அதே மாதத்தில் கெடா மாநிலமே ஜப்பானியரால் சயாமிடம் ஒப்படைக்கப்பட்டது. போர்க்கைதிகளின் முகாம்களில் சிறைப்பட்ட மருத்துவர்களாவது இருந்தனர். தமிழர் முகாம்களில் பெரும்பாலும் அவர்களும் இல்லை. வாந்திபேதி, சீதபேதி, மலேரியா, காலில் அழுகிய புண் ஆகியவற்றோடு பெரிபெரியும் அவர்களைக் கொன்றது. சாங்கியில் 52 பேருக்குக் கண்டறியப்பட்ட மூளைப் பாதிப்பு, அதே அரிசியை, அதைவிடக் குறைவாக உண்ட தமிழர் கூட்டத்தில் ஒருவருக்குக்கூட வந்திருக்காது என்று எண்ணுவதற்கு எந்தக் காரணமும் இல்லை. ஆனால் அவர்களின் கண்முன் விரலை நகர்த்திப் பார்க்க ஒருவரும் இல்லாததால், அது எழுத்தில் ஏறவில்லை. திரும்பிவந்தவர்களுள் புத்தி பேதலித்தவர்களாகத் தோட்டத்தில் நடமாடியவர்களைப் பற்றிய பேச்சு, மருத்துவ எழுத்தில் இல்லாமல் இலக்கியத்திலும் குடும்ப நினைவிலும்தான் எஞ்சியது. அ. ரெங்கசாமியின் ‘நினைவுச் சின்னம்’ நாவலும், சுங்கைப்பட்டாணியைச் சேர்ந்த கோ. புண்ணியவானின் ‘கையறு’ நாவலும் அப்பாதையை எழுதியிருக்கின்றன. நரம்பியல் வரலாற்றை எழுத முற்படும் ஒருவர் இந்நாவல்களைச் சான்றாகக் கொள்ள முடியாது. எங்கே தேட வேண்டும் என்பதற்கான குறிப்பாகக் கொள்ளலாம்.

கள்ளுக்கடைக்கு வருவோம். தோட்டத்துக் கள்ளுக்கடை தற்செயலாக முளைத்த ஒன்றன்று. அரசு உரிமம் பெற்று, நிர்வாகத்தின் பொறுப்பில், தோட்ட எல்லைக்குள்ளேயே நடந்த கடை. அதன் இலாபம் தொழிலாளர் நலனுக்கான நிதியில் சேர்க்கப்பட்டது என்பது அதற்குச் சொல்லப்பட்ட நியாயங்களுள் ஒன்று: குடித்தவனின் காசில் குடியாதவனுக்கும் பந்து வாங்கிக் கொடுக்கலாம், திருவிழாவுக்குப் பந்தல் போடலாம். மற்றொரு நியாயம், கள் இல்லையென்றால் தொழிலாளர் சம்சு என்ற திருட்டுச் சாராயத்தை நாடுவர் என்பது. மூன்றாவது நியாயம் மருத்துவ உடை அணிந்தது: நொதித்த கள்ளில் உயிர்ச்சத்து பி இருக்கிறது, ஆகவே அது உணவின் குறையை ஈடுசெய்யும்.

இம்மூன்றாவது வாதம் முழுப் பொய்யன்று என்பதாலேயே அதைக் கவனமாகப் பார்க்க வேண்டும். பாளையிலிருந்து சொட்டும்போதே நொதிக்கத் தொடங்கும் தென்னங்கள்ளில் நொதி உயிரிகள் மண்டிக் கிடக்கின்றன. அவற்றினுள் பி வகை உயிர்ச்சத்துகள் இருக்கவே செய்கின்றன. ஆனால் உயிருள்ள நொதி தன்னிடமுள்ள தயமினைக் குடலில் எளிதில் விட்டுக்கொடுப்பதில்லை என்றும், உணவிலுள்ளதையும் தானே எடுத்துக்கொள்ளக்கூடும் என்றும் 1940களில் நடந்த அமெரிக்க ஆய்வுகள் காட்டின. கள்ளில் உள்ள சாராயமோ குடல் தயமினை உறிஞ்சுவதைத் தடுக்கிறது. கல்லீரலில் அது சேமிக்கப்படுவதையும் கெடுக்கிறது. இவற்றையெல்லாம்விட முதன்மையானது கணக்கு: கள்ளுக்குப் போன காசு பருப்புக்கும் மீனுக்கும் போகாத காசு. உணவின் குறையை ஈடுசெய்யும் என்று சொல்லப்பட்ட பொருள், அக்குறையை உண்டாக்கும் பொருள்களுள் ஒன்றாக இருந்தது. கள்ளில் உயிர்ச்சத்தை அளந்தவர்களுக்கு இந்தக் கணக்கு அளவைக்கு உட்பட்ட பொருளாகத் தோன்றவில்லை.

அதைக் கணக்கிட்டவர்கள் தொழிலாளர்களே. 1941இல் கிள்ளான் வட்டாரத்து வேலைநிறுத்தத்தில் கூலி உயர்வோடு தோட்டத்துக் கள்ளுக்கடைகளை மூட வேண்டும் என்ற கோரிக்கையும் இருந்தது. போருக்குப்பின், 1946இல், கெடாவின் பீடோங்கை அடுத்த ஹார்வார்டு தோட்டத்தில் ஏ. எம். சாமியின் தலைமையில் தொண்டர் படை உருவாகி, அக்கம்பக்கத்துத் தோட்டங்களுக்கும் பரவியது. இந்திய தேசிய இராணுவத்தில் பயிற்சி பெற்றுத் திரும்பிய இளைஞர்களின் அணிவகுப்பும், சுயமரியாதைக் கருத்துகளின் தாக்கமும், காந்தியின் மதுவிலக்கும் அதில் கலந்திருந்தன. எது எவ்வளவு என்று பிரிப்பது வரலாற்றாசிரியருக்கு எளிதாக இராது, அதில் சேர்ந்தவர்களுக்கும் அது தேவைப்பட்டிருக்காது. கள்ளுக்கடை மறியல் அதன் முதல் வேலை. 1947 பிப்ரவரி, மார்ச் மாதங்களில் பீடோங்கில் மறியல் செய்தவர்களோடு காவல்துறை மோதியதில் தொழிலாளி ஒருவர் உயிரிழந்தார். வேலைநிறுத்தமும் கைதுகளும் தொடர்ந்தன. கூலிமை அடுத்த டப்ளின் தோட்டத்திலும் காவல்துறையின் துப்பாக்கிச் சூடு நடந்தது.

சாங்கிக் கட்டுரை இலண்டனில் அச்சேறிய சில மாதங்களுக்குள் இம்மறியல் நடந்தது. அந்நோயில் மூளையைக் கெடுப்பது சாராயம் அன்று, சத்தின்மையே என்பதை மருத்துவம் நிறுவிய அதே ஆண்டில், சம்பள நாளில் கூலி கடைக்குப் போகாமல் வீட்டுக்குப் போக வேண்டும் என்று தோட்டத்துத் தொண்டர்கள் கேட்டனர். இரண்டும் ஒரே செய்தியின் இரு முனைகள்; ஆனால் முதலாவதை எழுதியவர்களுக்கு இரண்டாவது தெரியாது, இரண்டாவதைச் செய்தவர்களுக்கு முதலாவது தெரியாது, இரண்டும் தெரிந்திருக்கக்கூடிய நிர்வாகம் மறியலைச் சட்டம் ஒழுங்குச் சிக்கலாகவே பதிவுசெய்தது. மைக்கேல் ஸ்டென்சன் 1980இல் வெளியிட்ட, மேற்கு மலேசிய இந்தியரின் வர்க்கமும் இனமும் பற்றிய நூல் தொண்டர் படையை விரிவாகப் பேசுகிறது. அதில் அது அரசியல் வரலாற்றின் பகுதி. பொதுச் சுகாதார வரலாற்றின் பகுதியாகவும் அதை எழுத முடியும், எழுத வேண்டும்.

அவ்வாறு எழுதும்போது அதைப் போற்றுவதோடு நின்றுவிடக் கூடாது. தொண்டர் படை குடித்தவர்களைத் தண்டிக்கவும் செய்தது. சீர்திருத்தம் சீருடை அணிந்து லயத்துக்குள் நுழையும்போது, குடியைவிட முடியாதவன் நோயாளி என்ற எண்ணத்துக்கு அங்கே இடம் குறைவு. குடிநோய் மூளையின் பழக்கச் சுற்றுகளில் ஏற்படும் மாற்றம் என்றும், மன உறுதியின்மை என்ற சொல் அதை விளக்காது என்றும் மருத்துவம் ஏற்பதற்கு அதன் பின்னும் பல ஆண்டுகள் ஆயின. அன்றைய தோட்டத்தில் குடியால் மனம் பிறழ்ந்தவனுக்கு இரண்டே வழிகள்: அடி, அல்லது ஈப்போவை அடுத்த மனநோய் மருத்துவமனை. 1911இல் தொடங்கப்பட்ட அம்மருத்துவமனை இருக்கும் தஞ்சோங் ரம்புத்தான் என்ற ஊரின் பெயர், மலேசியத் தமிழர் பேச்சில் இன்றும் வசைச்சொல்லாகப் புழங்குகிறது.

தோட்ட மருத்துவத்தின் அன்றாட முகம் பெரிய மருத்துவரன்று, டிரெசர். தோட்டத்து மருந்தகத்தில் இருந்து காய்ச்சலுக்குக் கொயினாவும் புண்ணுக்குக் கட்டும் கொடுத்த அவ்வூழியர், காலைப் பெரட்டுக்கு, அதாவது வேலைக்கு முன் ஆளெண்ணிக்கை எடுக்கும் அணிவகுப்புக்கு, வராதவன் உண்மையில் நோயாளியா இல்லையா என்று தீர்ப்புச் சொல்ல வேண்டியவராகவும் இருந்தார். காய்ச்சலைக் கையால் தொட்டு அறியலாம், புண்ணைக் கண்ணால் காணலாம். மறதிக்கும் மனச்சோர்வுக்கும் அத்தகைய சான்று எதுவும் இல்லை. ஆகவே அவை வேலைக்கு மட்டம் போடுவதாகவே கருதப்படும் வாய்ப்பு மிகுதி. அரசுக்குப் போன தோட்ட நோய்க் கணக்குகளில் மலேரியா, வயிற்றுப்போக்கு, கொக்கிப்புழு, நுரையீரல் அழற்சி ஆகியவையே மேலோங்கி நின்றதற்கு, அந்நோய்கள் உண்மையிலேயே மிகுந்திருந்தமை முதற்காரணம். எண்ணத் தெரிந்தவற்றையே எந்த நிர்வாகமும் எண்ணும் என்பதையும் அதனோடு சேர்த்துக்கொள்ள வேண்டும்.

இனவாரியாக எண்ணும் பழக்கமும் தொடர்கிறது. 2019ஆம் ஆண்டு மலேசியத் தேசிய உடல்நல ஆய்வு, வயதுவந்தோருள் நூற்றுக்கு 18.3 பேருக்கு நீரிழிவு இருப்பதாகக் கண்டது. இந்தியரிடையே அது மற்ற இனத்தாரைவிட அதிகம். இதில் மரபணுவுக்குப் பங்கில்லை என்று எந்த மருத்துவரும் சொல்லமாட்டார். ஆனால் தோட்டத்திலிருந்து வெளியேறிச் சுங்கைப்பட்டாணியிலும் கூலிமிலும் தொழிற்சாலைச் சுற்றுவேலையில் இருக்கும் குடும்பம் எதை எப்போது உண்கிறது, ஒரு நாளில் எத்தனை மணிநேரம் தூங்குகிறது என்ற பத்திகளும் அதே அட்டவணையில் இருந்தால், இனம் என்ற பத்தி இவ்வளவு பேசாது. நீரிழிவு மூளையின் சிறு இரத்தக் குழாய்களைக் கெடுத்துப் பக்கவாதத்துக்கும் நினைவிழப்புக்கும் வழிசெய்வதால், நரம்பியலுக்கும் இது வெளியே உள்ள செய்தியன்று.

தொண்டர் படைக்குத் திரும்புவோம். 1948 ஜூனில் அறிவிக்கப்பட்ட அவசரகாலச் சட்டத்தின்கீழ் கெடாவின் தொண்டர் படையும் தொழிற்சங்கங்களும் கலைந்தன. கள்ளுக்கடைகள் மூடப்படவில்லை. அவை மறைந்தது பின்னர். அதுவும் பெரும்பாலும் மறியலால் அன்று, தோட்டங்கள் துண்டாடப்பட்டு, விற்கப்பட்டு, ரப்பர் செம்பனையாகி, லயங்கள் காலியானதால். லயங்களை விட்டவர்களோடு சேர்ந்து குடியும் நகரத்துக்கு வந்தது. விலை மலிந்த, சாராய அளவு மிகுந்த, சிறு புட்டிகளில் அடைத்த சம்சு, கள்ளின் இடத்தைப் பிடித்தது. பினாங்குப் பயனீட்டாளர் சங்கம் அதற்கெதிராகப் பல்லாண்டுகள் எழுதியும் பேசியும் வந்திருக்கிறது. 2018 செப்டம்பரில் சிலாங்கூரிலும் கோலாலம்பூரிலும் மெத்தனால் கலந்த மதுவால் பலர் இறந்தனர்; மெத்தனால் கண் நரம்பையும் மூளையின் ஆழ்பகுதிகளையும் நேரடியாக அழிப்பது, தயமின் கொடுத்தாலும் மீளாதது.

இன்று பீடோங்கை அடுத்த செமிலிங்கில், மலேசிய இந்தியச் சமூகத்தின் முயற்சியில் எழுந்த ஏய்ம்ஸ்ட் பல்கலைக்கழகம் மருத்துவம் கற்பிக்கிறது. கள்ளுக்கடை மறியல் நடந்த நகரம் அங்கிருந்து வெகுதூரமில்லை. தொண்டர் படையில் இருந்தவர்களுள் அன்று இருபது வயதினர்கூட இன்று நூறை நெருங்கியிருப்பர். அவர்களின் பிள்ளைகளிடமும் ரயில்பாதைக்குப் போய்த் திரும்பியவர்களின் பேரப்பிள்ளைகளிடமும், தகப்பனுக்குக் கால் மரத்திருந்ததா, நடை தள்ளாடியதா, நடக்காததை நடந்ததாகச் சொன்னாரா, வீட்டில் அப்போது எந்த அரிசி பொங்கினார்கள் என்று, நோயைத் தெரிந்த ஒருவர் தமிழில் உட்கார்ந்து கேட்க வேண்டியிருக்கிறது.